மிகயில் புல்ககோவ்: சாத்தானுடன் பன்னிரண்டு வருடங்கள்

சாத்தானைப் பாத்திரமாக வைத்து எழுதப்பட்ட கதைகளில் பெரும்பாலும் ஒரு பேரம் இருக்கும். கதேயின் ஃபாவுஸ்டில் மெஃபிஸ்டோஃபிலிஸ் ஆன்மாவுக்கு விலை பேசுகிறான். தஸ்தயேவ்ஸ்கியின் கரமசோவ் சகோதரர்களில் நொடித்துப்போன கனவானின் பழைய கோட்டில் வந்து இவானிடம் வாயாடுகிறான். தாமஸ் மன்னின் டாக்டர் ஃபாஸ்டஸில் (1947) ஓர் இசைக்கலைஞனுக்கு இருபத்துநான்கு வருட மேதைமையை விற்கிறான்.

மிகயில் புல்ககோவின் 'மாஸ்டரும் மார்கரீத்தாவும்' நாவலில் வருகிற சாத்தானுக்கு வோலண்ட் என்று பெயர். ஒரு வசந்தகால மாலையில் மாஸ்கோவின் குளக்கரைப் பூங்கா ஒன்றுக்கு வெளிநாட்டுப் பேராசிரியர் போல வந்து சேர்கிறான். கூடவே மனிதனைப்போல் பேசுகிற, டிராம் ஏறினால் டிக்கெட்டுக்குக் காசு நீட்டுகிற ஒரு பெரிய கறுப்புப் பூனை. இந்தச் சாத்தான் அதிகம் பேரம் பேசுவதில்லை. பேசவேண்டிய அவசியமும் இல்லை. இரண்டு அறை வீட்டுக்காக, உல்லாசப் பயணச் சீட்டுக்காக, எழுத்தாளர் சங்க உணவுவிடுதியில் ஒரு மேஜைக்காக ஊர் ஏற்கனவே தன்னை விற்றுவிட்டிருக்கிறது. இவன் கணக்குப் பார்க்க மட்டுமே வருகிறான்.

நாவலின் பூனையைப் பற்றி நிறையப் பேர் எழுதிவிட்டார்கள். எழுதியவரின் வாழ்க்கையைப் பற்றி எழுதலாம் என்று தோன்றியது. காரணம் ஒரு தமிழ்ச் சொல். ஆசை காட்டி வீழ்த்தப் பார்ப்பதை நம் விவிலிய மொழிபெயர்ப்புகள் சோதனை என்கின்றன. பரீட்சைக்கும் அதே சொல்தான். நான் பிழைப்புக்கு மென்பொருள் எழுதுபவன். எங்கள் தொழிலில் சோதனையில் தோற்ற நிரலைத் திருத்தி மறுநாள் மறுபடி ஓடவிடலாம். புல்ககோவின் வாழ்வில் வந்த சோதனைகளுக்கு அந்த வசதி கிடையாது. அவற்றை அவர் எப்படி எதிர்கொண்டார் என்று தெரிந்தபிறகு அந்த நாவல் எனக்கு வேறு மாதிரி வாசிக்கக் கிடைத்தது.

*

புல்ககோவ் 1891ம் வருடம் மே 15ம் தேதி கீவ் நகரில் பிறந்தார். அப்பா அஃபனாஸி அங்கிருந்த இறையியல் கல்விக்கழகத்தில் ஆசிரியர். மேற்கத்திய கிறிஸ்துவப் பிரிவுகளின் வரலாறு அவருடைய துறை. ஏழு குழந்தைகளில் மிகயில் மூத்தவர். 1907ல் அப்பா சிறுநீரக நோயில் இறந்துபோனார், நாற்பத்தெட்டு வயதுகூட நிறையவில்லை. இந்த விவரத்தை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும். மாணவப் பருவத்தில் குனோவின் ஃபாவுஸ்ட் ஓபராவைச் சலிக்காமல் திரும்பத் திரும்பப் பார்த்தாராம். ஆக, ஒரு பக்கம் வீட்டில் வேதம், மறுபக்கம் மேடையில் சாத்தான்.

மருத்துவம் படித்து 1916ல் ஸ்மோலென்ஸ்க் மாகாணத்தில் நிக்கோல்ஸ்கோயே என்கிற கிராமத்து மருத்துவமனைக்குப் போனார். வயது 25. பல மைல் சுற்றளவுக்கு அவர் ஒருவர்தான் டாக்டர். முதல் சோதனை அங்கேதான் வந்தது. தொண்டை அடைப்பான் நோய் கண்ட ஒரு குழந்தைக்குச் சிகிச்சை செய்தபோது தனக்கும் தொற்றியிருக்கலாம் என்று பயந்து தடுப்பு மருந்து போட்டுக்கொண்டார். அது ஒவ்வாமல் உடம்பெல்லாம் வீங்கி அரிக்க, வேதனை தாங்காமல் மார்ஃபின் ஊசி போடச் சொன்னார். பிறகு நிறுத்த முடியவில்லை. மருந்து அலமாரியின் சாவி அவரிடமே இருந்தது. கிராமத்திலும் அடுத்துப்போன ஊரிலும் மனைவி தத்தியானாவைக் கெஞ்சியும் மிரட்டியும் மருந்துக்கடைகளுக்கு விரட்டினார். கீவுக்குத் திரும்பிய பிறகு தத்தியானா ஊசியில் மருந்தைக் குறைத்து காய்ச்சி வடித்த நீரைக் கூட்டிக்கொண்டே வந்து அவரை மீட்டார். மார்ஃபினிலிருந்து மீள்வது அந்தக் காலத்தில் அபூர்வம். 1927ல் 'மார்ஃபின்' என்று ஒரு கதை வெளியிட்டார். அதில் வருகிற டாக்டர் மீளவில்லை.

கீவில் அப்போது உள்நாட்டுப் போர். ஊரில் பதினான்கு முறை ஆட்சி மாறியதாகவும் அதில் பத்தைத் தான் நேரில் பார்த்ததாகவும் பின்னால் ஒரு கட்டுரையில் கணக்குச் சொல்லியிருக்கிறார். வெண்படைக்கு டாக்டராகக் காகசஸுக்குப் போனார். 1920ல் அந்தப் படை பின்வாங்கியபோது இவர் டைஃபஸ் காய்ச்சலில் நினைவிழந்து கிடந்தார். கண் விழித்தபோது ஊர் செம்படையின் கையில். தம்பிகள் இருவர் நாட்டைவிட்டு வெளியேறினார்கள். ஒருவர் பாரிஸில் நுண்ணுயிரியல் விஞ்ஞானி ஆனார், இன்னொருவர் அதே நகரத்தில் பாலலைகா வாசித்துப் பிழைத்தார். அண்ணன் அவர்களை மறுபடி பார்க்கவேயில்லை. காய்ச்சல் ஒரு வாரம் தள்ளி வந்திருந்தால் அவரும் புலம்பெயர்ந்த எழுத்தாளர்களில் ஒருவராகியிருக்கக்கூடும்.

*

1921ல் மாஸ்கோ வந்தார். மருத்துவத்தை விட்டாகிவிட்டது. பல்ஷாயா சதோவயா தெருவில் 10ம் எண் கட்டிடத்தில் 50ம் எண் வீட்டில் ஓர் அறை. குடியும் கூச்சலுமாகப் பல குடும்பங்கள் ஒரே சமையலறையைப் பகிர்ந்துகொள்ளும் வீடு. பின்னாளில் வோலண்டையும் பூனையையும் இதே 50ம் எண்ணில்தான் குடிவைத்தார். அண்டை வீட்டுக்காரர்கள் மேல் ஓர் எழுத்தாளன் இதைவிட நாகரிகமாகப் பழிவாங்க முடியாது.

ரயில்வே தொழிலாளர்களின் பத்திரிகையில் நகைச்சுவைத் துணுக்குகள் எழுதிச் சாப்பிட்டார். இரவில் 'வெண்படை' என்ற நாவலை எழுதினார். கீவில் ஆந்த்ரேயெவ்ஸ்கி இறக்கத்தில் தன் குடும்பம் குடியிருந்த 13ம் எண் வீட்டைத்தான் நாவலில் தூர்பின் குடும்பத்தின் வீடாக்கினார். அந்த வீடு பிற்பாடு அவர் பெயரில் அருங்காட்சியகமானது. 2022ல் ரஷ்யப் படையெடுப்புக்குப் பிறகு அதை மூடவேண்டும் என்று உக்ரைன் எழுத்தாளர் சங்கம் கேட்டது. கோபத்துக்குக் காரணம் இருக்கிறது. உக்ரைனின் சுதந்திர இயக்கத்தை அந்த நாவல் பரிவோடு பார்க்கவில்லை. ரஷ்யப் பேரரசின் படித்த வர்க்கத்துப் பையனின் கண் அது. அவர் மேல் எனக்குள்ள பிரியம் இதைச் சொல்லாமல் விடக் காரணமாகாது.

1926 மே மாதம் ரகசியப் போலீஸ் வீட்டைச் சோதனையிட்டு 'நாயின் இதயம்' குறுநாவலின் பிரதியையும் நாட்குறிப்புகளையும் அள்ளிக்கொண்டு போனது. பலமுறை மனுப்போட்டு, சில வருடங்கள் கழித்து அவை திரும்பி வந்தன. வந்த கையோடு நாட்குறிப்புகளைத் தானே எரித்தார். இனி நாட்குறிப்பு எழுதுவதில்லை என்றும் முடிவு செய்தார். ஆனால் போலீஸ் திருப்பிக் கொடுக்கும் முன் ஒரு நகல் எடுத்து வைத்திருந்தது. சோவியத் ஆட்சியின் கடைசி வருடங்களில் அவர்களுடைய ஆவணக் கிடங்கிலிருந்தே அது வெளியே வந்தது. எழுதியவர் அழித்ததை ஒடுக்கியவர்கள் பத்திரமாகக் காப்பாற்றியிருக்கிறார்கள். எங்கள் தொழிலில் பேக்அப் எடுப்பவர்கள் இவ்வளவு பொறுப்பாக இருந்து நான் பார்த்ததில்லை.

அதே வருடம் அக்டோபரில் 'வெண்படை'யின் நாடக வடிவம் 'தூர்பின்களின் நாட்கள்' மாஸ்கோ கலை அரங்கில் அரங்கேறியது. தோற்றுப்போன எதிரிகளை மனிதர்களாகக் காட்டிய நாடகம். கட்சி விமர்சகர்கள் கிழித்தெறிந்தார்கள். டிக்கெட்டுக்கு வரிசை நீண்டது. அரங்கத்துப் பதிவுகளின்படி இந்த நாடகத்தை 15 முறை வந்து பார்த்த ஒரு ரசிகர் உண்டு. பெயர் ஸ்டாலின்.

*

சாத்தான் நாவலை 1928ல் ஆரம்பித்தார். அப்போது யோசித்து வைத்த தலைப்புகளில் ஒன்று 'பொறியாளரின் குளம்பு'. ஆரம்பப் பிரதிகளில் வோலண்ட் பொறியாளனாக வருகிறான். பொறியியல் படித்தவன் என்ற முறையில் இதற்குச் சந்தோஷப்படுவதா வருத்தப்படுவதா என்று எனக்குத் தெரியவில்லை. ஆனால் அந்த வருடத்து மாஸ்கோவில் இது வெறும் வேடிக்கை இல்லை. ஷாக்தி நிலக்கரிச் சுரங்கப் பொறியாளர்கள் நாசவேலை செய்ததாக 1928ல்தான் பெரிய விசாரணை நடந்தது. பொறியாளன், அதுவும் வெளிநாட்டான் என்றால் மக்கள் உடனே குளம்பைத் தேடும் காலம்.

1929ல் அவருடைய நாடகங்கள் அனைத்தும் மேடையிலிருந்து இறக்கப்பட்டன. மோலியரைப் பற்றி எழுதிய புதிய நாடகத்துக்கும் 1930 மார்ச்சில் தடை. கையில் காசில்லை, வேலையில்லை. அப்போதுதான் சாத்தான் நாவலின் பிரதியை அடுப்பில் போட்டார்.

மார்ச் 28ம் தேதி சோவியத் அரசாங்கத்துக்கு ஒரு நீண்ட கடிதம் எழுதினார். பத்து வருடங்களில் தன்னைப் பற்றி வந்த 301 விமர்சனங்களைச் சேகரித்திருப்பதாகவும் அதில் பாராட்டியவை 3, திட்டியவை 298 என்றும் கணக்குக் கொடுத்தார். சாத்தானைப் பற்றிய நாவலைத் தன் கையாலேயே எரித்ததையும் அதில் சொன்னார். நாட்டைவிட்டுப் போக அனுமதியுங்கள், இல்லையென்றால் நாடக அரங்கில் வேலை கொடுங்கள், இயக்குநர் வேலை இல்லாவிட்டால் துணை நடிகன், அதுவும் இல்லாவிட்டால் மேடைச் சாமான் தூக்கும் வேலை என்று கேட்டார். கொள்கை மாறிவிட்டதாக ஒரு வரி எழுதியிருந்தால் சுலபமாக முடிந்திருக்கும். சிலர் அப்படி எழுதச் சொல்லி ஆலோசனையும் கொடுத்தார்கள். அவர் எழுதவில்லை.

ஏப்ரல் 14ம் தேதி கவிஞர் மாயகோவ்ஸ்கி துப்பாக்கியால் சுட்டுக்கொண்டு இறந்தார். 17ம் தேதி இறுதி ஊர்வலம். 18ம் தேதி புல்ககோவ் வீட்டில் தொலைபேசி மணி அடித்தது. யாரோ நண்பர்கள் விளையாடுகிறார்கள் என்றுதான் முதலில் நினைத்தாராம். மறுமுனையில் ஸ்டாலின். எங்களைப் பார்த்து அவ்வளவு சலித்துவிட்டதா, உண்மையிலேயே வெளிநாடு போகவேண்டுமா என்பது கேள்வி.

மூன்று வாரம் முன்புதான் எழுத்தில் கேட்டிருந்தார். இப்போது கொடுக்க அதிகாரம் உள்ள ஒரே மனிதர் நேரிலேயே கேட்கிறார். புல்ககோவ் தடுமாறினார். ஒரு ரஷ்ய எழுத்தாளன் தாய்நாட்டுக்கு வெளியே வாழமுடியுமா என்று யோசித்துப் பார்த்ததாகவும் முடியாது என்றே தோன்றுவதாகவும் சொன்னார். தானும் அப்படியே நினைப்பதாக ஸ்டாலின் சொன்னார். கலை அரங்கில் விண்ணப்பம் கொடுக்கும்படியும், ஒருநாள் இருவரும் சந்தித்துப் பேசவேண்டும் என்றும் சொல்லி வைத்துவிட்டார். அரங்கில் உதவி இயக்குநர் வேலை உடனே கிடைத்தது. சந்திப்பு மட்டும் கடைசிவரை நடக்கவில்லை.

தாய்நாட்டுக்கு வெளியே எழுத்தாளன் வாழமுடியுமா என்பது நம்மைப் போன்றவர்களுக்கு ஞாயிற்றுக்கிழமை இலக்கியக் கூட்டத்தில் போண்டாவுடன் பேசும் விஷயம். கடவுச்சீட்டு நம் மேஜை இழுப்பறையில் இருக்கிறது. அவருக்குப் பதில் சொல்லக் கிடைத்தவை சில வினாடிகள். அந்தப் பதில் நாட்டுப்பற்றா, பயமா, எதிர்பாராத குரலைக் கேட்ட அதிர்ச்சியா? அடுத்த பத்து வருடங்கள் அவரே அதைத் திரும்பத் திரும்பக் கேட்டுக்கொண்டார். நண்பர் ஸமியாதின் 1931ல் அதேபோல ஸ்டாலினுக்குக் கடிதம் எழுதி அனுமதி வாங்கி வெளியேறிவிட்டார். புல்ககோவ் 1934ல் பயணத்துக்குத் தாள்களெல்லாம் நிரப்பி, நாளை வா, மறுநாள் வா என்று அலையவிடப்பட்டு, கடைசியில் மறுக்கப்பட்டார்.

*

அந்தப் பத்து வருடங்களில்தான் நாவல் மறுபடி எழுந்தது. எரித்ததை ஞாபகத்திலிருந்து தொடங்கி, திரும்பத் திரும்ப மாற்றி எழுதினார். எதற்காக? பிரசுரமாகும் என்ற நம்பிக்கை இல்லை. நண்பர்களுக்கு வாசித்துக் காட்டுவார், அவர்கள் பயந்து மௌனமாகக் கலைவார்கள். அவர் வசித்த கட்டிடத்திலேயே கவிஞர் மண்டல்ஷ்டாமை 1934ல் கைது செய்து கொண்டுபோனார்கள். நாவலில் 50ம் எண் வீட்டில் சாத்தான் வருவதற்கு முன்பே ஆட்கள் ஒவ்வொருவராகக் காணாமல் போகிறார்கள். அதற்கு மாயமந்திரம் தேவைப்படவில்லை என்பது அன்றைய மாஸ்கோவாசிக்கு விளக்காமலே புரியும்.

மார்கரீத்தா வந்தது இந்தக் காலத்தில். யெலேனா ஷிலோவ்ஸ்கயாவை 1929ல் சந்தித்தார். அவர் செம்படையின் உயர் அதிகாரி ஒருவரின் மனைவி, இரண்டு பையன்களின் அம்மா. இவருக்கும் தத்தியானாவைப் பிரிந்தபின் லுபோவ் என்ற இரண்டாவது மனைவி இருந்தார். விஷயம் தெரிந்து கணவர் தடுக்க, ஒன்றரை வருடத்துக்கும் மேல் பார்க்காமல் இருந்து, 1932ல் மணந்துகொண்டார்கள். மூத்த பையன் அப்பாவோடு நின்றுவிட்டான். நாவலின் நாயகி காதலனை மீட்க சாத்தானின் விருந்துக்கு உபசரிப்பாளராக இருக்கச் சம்மதிக்கிறாள். அந்தக் காதல் யாரிடமிருந்து வந்தது என்று ஆராய்ச்சி தேவையில்லை.

நாவலுக்குள்ளே இன்னொரு நாவல் இருக்கிறது. மாஸ்டர் எழுதிய கதை. யெருசலேமில் ரோம ஆளுநர் பொந்தியு பிலாத்து, கைதியாக நிற்கும் யெஷுவாவைக் குற்றமற்றவன் என்று அறிந்தும், சீசருக்குப் பயந்து மரணதண்டனையை உறுதி செய்கிறான். பிறகு ஒவ்வொரு பௌர்ணமியிலும் தூக்கமில்லாமல், முடியாமல் போன அந்த உரையாடலைத் தொடர ஏங்குகிறான். கோழைத்தனத்தைவிடக் கொடிய குற்றம் கிடையாது என்பதுதான் அந்தப் பகுதியின் சாரம். சாத்தான் நாவல் என்று பெயரே தவிர, பிலாத்துவின் அருகே சாத்தான் வந்து எதையும் கேட்பதில்லை. பிலாத்துவின் பயமே போதுமானதாக இருக்கிறது. ஒரே ஒரு முறை தடுமாறிவிட்டு ஆயுள் முழுக்க அந்தப் பேச்சைத் தொடர விரும்பிய ஒருவனை, ஏப்ரல் 18ம் தேதி தொலைபேசியை வைத்த மனிதரைவிட நன்றாக யார் எழுதமுடியும் என்று எனக்குத் தோன்றுகிறது. இது என் ஊகம்தான்.

*

1936ல் மோலியர் நாடகம் ஒருவழியாக மேடையேறி ஏழு காட்சிகளோடு நிறுத்தப்பட்டது. வெறுத்துப்போய்க் கலை அரங்கை விட்டார். 1938ல் சாத்தான் நாவலை முழுதாகத் தட்டச்சு செய்தாகிவிட்டது.

பிறகு கடைசிச் சோதனை. 1939 டிசம்பரில் ஸ்டாலினின் அறுபதாவது பிறந்தநாள். அரங்கத்தார் கேட்டுக்கொண்டதற்கு இணங்கி, இளவயது ஸ்டாலினை நாயகனாக வைத்து 'பத்தூம்' என்ற நாடகத்தை எழுதினார். எல்லோரும் புகழ்ந்தார்கள். ஆகஸ்ட் 14ம் தேதி கதை நடக்கும் இடங்களைப் பார்க்க யெலேனாவோடும் அரங்கத்து ஆட்களோடும் ரயிலேறினார். செர்பூஹவ் நிலையத்தில் தந்தி கொண்டுவந்த பெண், பெயரைக் குழப்பிக்கொண்டு, கணக்கர் யார் என்று கேட்டபடி பெட்டிக்குள் வந்தாள். பயணம் தேவையில்லை, மாஸ்கோ திரும்பவும் என்றது தந்தி. நாடகத்தை ஸ்டாலின் ஏற்கவில்லை. மேலிடத்தோடு பாலம் போட்டுக்கொள்ள எழுதப்பட்டது என்று அங்கே கருதுவதாகவும் பிறகு செய்தி வந்தது. அதுதான் அவரை உடைத்தது. விலைபோகச் சம்மதித்த பிறகு வாங்க மறுத்துவிட்டார்கள்.

'பத்தூ'முக்காக அவரை மன்னிக்காதவர்கள் உண்டு. பிழைக்க வேறு வழியில்லை என்பவர்களும் உண்டு. எனக்கு முக்கியமாகப்படுவது வேறு. அந்த நாடகத்துக்குப் பிறகு அவர் திரும்பிப் போனது பிலாத்துவிடம்.

அடுத்த மாதமே லெனின்கிராதில் கண்பார்வை மங்கியது. சிறுநீரகம். அப்பாவைக் கொன்ற அதே நோய். டாக்டரானதால் எந்த மாதம் என்ன நடக்கும் என்று அவருக்கே தெரியும். வலிக்கு மறுபடி மார்ஃபின், இம்முறை மருத்துவர்களே எழுதிக்கொடுத்தது. பார்வை போய்க்கொண்டிருந்த நிலையில் யெலேனாவுக்குச் சொல்லச் சொல்ல நாவலில் திருத்தங்கள் தொடர்ந்தன. அந்தப் பிரதியின் தாள்களை ஆராய்ந்த விஞ்ஞானிகள் 2016ல் அவற்றில் மார்ஃபினின் தடயங்களைக் கண்டதாக அறிவித்தார்கள். முதல் சோதனையும் கடைசி நாவலும் ஒரே தாளில்.

1940 பிப்ரவரி மத்தியில் திருத்தம் நின்றது, பாதி நாவலோடு. மார்ச் 10ம் தேதி இறந்தார். வயது 48.

*

யெலேனா பிரதியை மறைத்து வைத்துக் காத்திருந்தார். 26 வருடங்கள். 'மாஸ்கோ' என்ற மாதப் பத்திரிகை 1966 நவம்பர் இதழிலும் 1967 ஜனவரி இதழிலும், பத்தில் ஒரு பங்குக்கும் மேல் வெட்டி, நாவலை வெளியிட்டது. ஒன்றரை லட்சம் பிரதிகளும் பறந்தன. வெட்டப்பட்ட பகுதிகளைத் தட்டச்சு செய்து இதழில் ஒட்டிவைத்து வாசித்தார்கள். சோவியத் நாட்டில் முழு நாவல் 1973ல் வந்தது. யெலேனா அதற்கு மூன்று வருடம் முன்பே, 1970ல், காலமாகிவிட்டார். 'நாயின் இதயம்' அங்கே அச்சேற 1987 ஆனது.

சோவியத் பதிப்பகங்கள் மலிவு விலையில் தமிழுக்குத் தந்த ரஷ்ய நூல்கள் அப்பாவின் அலமாரியில் ஒரு வரிசை இருந்தன. கார்க்கி, தல்ஸ்தோய், செகாவ் எல்லோரும் இருந்தார்கள். அந்த வரிசையில் புல்ககோவை நான் பார்க்கவில்லை. ஏன் என்று இப்போது புரிகிறது.

ஆங்கிலத்தில் வாசிப்பவர்கள் மிர்ரா கின்ஸ்பர்க் மொழிபெயர்ப்பை (1967) எடுத்தால், அது வெட்டப்பட்ட பிரதியிலிருந்து செய்தது என்று தெரிந்துகொண்டு எடுங்கள். மைக்கேல் க்ளென்னி (1967), பர்கின் - ஓ'கானர் (1995), பெவியர் - வோலகோன்ஸ்கி (1997) ஆகியவை முழுமையானவை. முதல் அத்தியாயத்தின் குளக்கரையிலிருந்து இரண்டாம் அத்தியாயத்தில் திடீரென்று யெருசலேம் வந்ததும் பலர் புத்தகத்தை மூடிவிடுகிறார்கள். மூடாதீர்கள். தலைவலியோடு உட்கார்ந்திருக்கும் அந்த ஆளுநரைக் கொஞ்சம் பொறுமையாகக் கவனியுங்கள். பூனை எங்கும் போய்விடாது.